சீனித்துளசியின் சொந்தப் பெயர்

திங்கட்கிழமை காலை ஒன்பது மணிக்கு இன்னும் எழுபத்து மூன்று மணி நேரம் இருந்தது. படுக்கையறைக் கதவு உள்பக்கம் தாழிட்டிருந்தது. வெளியே அவள் காலை மாற்றி மாற்றி வைத்து நின்றுகொண்டிருந்தாள்.

"ஐயோ!" என்று உள்ளே அப்பா அலறினார்.

"முடிஞ்சுதாப்பா?"

"இன்னும் குத்தவே இல்லை."

கூட இருந்த அம்மா ஏதோ முணுமுணுத்தாள். பிறகு முன்னதைவிடப் பெரிய அலறல் ஒன்று வந்தது. அதற்குப் பிறகு கதவு வழியாக எண் வந்தது.

"நூத்தி எண்பது."

அவள் கண்ணை மூடிக்கொண்டாள். போன வெள்ளிக்கிழமை நூற்று நாற்பதுதான் இருந்தது.

கதவு திறந்தது. அப்பா வியர்த்து விறுவிறுத்து வந்து நாற்காலியில் சாய்ந்தார். பின்னால் அம்மா, பஞ்சும் ஊசி டப்பாவுமாக, பிரசவம் பார்த்துவிட்டு வருகிறவள் போல வந்தாள்.

அப்பாவுக்கு ஊசி ஆகாது. பயம் என்று யாராவது சொன்னால் கோபித்துக்கொள்வார். "பயமில்லை, ஒத்துக்காது" என்பார். ஒரு மாதத்துக்கு முன்னால் மருத்துவமனையில் ரத்தம் எடுத்தபோது நாற்காலியிலிருந்து வழுக்கி விழுந்தார். போகும்போது மருந்துத் தட்டையும் கூட்டிக்கொண்டு போனார். அந்தப் பரிசோதனையில்தான் சர்க்கரை இருப்பது தெரிந்தது. டாக்டர் மாத்திரை கொடுத்தார். தினமும் காலையில் வெறும் வயிற்றில் வீட்டிலேயே விரலில் குத்திப் பார்க்கச் சொன்னார். "அடுத்த மாசம் திங்கட்கிழமை வரும்போது இறங்கியிருந்தா மாத்திரையோட நிறுத்திக்கலாம். ஏறியிருந்தா இன்சுலின்தான். ரெண்டு வேளையும் வயித்துல போட்டுக்கணும்."

வயிறு என்ற சொல்லைக் கேட்டதிலிருந்து அப்பா தூக்குக்கு நாள் குறித்தவர் போல நடமாடினார்.

"நானே குத்தறேன்பா, வலிக்காது" என்று அவள் முதல் நாளே சொல்லிப் பார்த்தாள். அவளுக்கு வேலை சோப்புத் தொழிற்சாலையின் பரிசோதனைக்கூடத்தில். வீட்டில் அவளுக்கு 'விஞ்ஞானி' என்று பெயர். அது பாராட்டு அல்ல.

"நீ பார்த்தா எனக்குக் கை நடுங்கும். அம்மா மட்டும் இருக்கட்டும். தைரியத்துக்கு."

அன்றிலிருந்து கதவு மூடுவது வழக்கமாகிவிட்டது.

"எல்லாம் அந்தச் செடி வந்த நேரம்" என்றார் அப்பா இப்போது, பால்கனியைப் பார்த்து.

பால்கனியில் ஒரு தொட்டி இருந்தது. தொட்டியில் முழங்கால் உயரத்துக்கு ஒரு செடி. அது அவள் யோசனை. சீனிக்குப் பதிலாக இந்த இலையைத் தேநீரில் போட்டுக்கொள்ளலாம், இனிக்கும், சர்க்கரை ஏறாது என்று சொல்லி அவள்தான் வாங்கிவந்தாள். வந்து ஏழு நாள் ஆகியிருந்தது. ஏழு நாளாக எண் ஏறிக்கொண்டிருந்தது. அப்பாவின் வயிற்றில் ஊசி ஏறினால் அதைப் பிடித்திருக்கும் கை தன்னுடையது என்று அவளுக்குத் தோன்ற ஆரம்பித்திருந்தது.

"செடி மேல தப்பு இருக்காதுப்பா. வீட்ல வேற எங்கேயோ இனிப்பு இருக்கு."

அவள் சமையலறைக்குள் புகுந்தாள். சீனி டப்பா, ஜாம் பாட்டில், பிஸ்கட், பால்பவுடர், இருமல் மிட்டாய் வரைக்கும் வெளியே வந்தது. எல்லாவற்றையும் குப்பைப் பைக்குள் தள்ளப் போனாள்.

"அட, அட! காசு கொடுத்து வாங்கினதுடி. வை அப்படி, நான் பார்த்துக்கறேன்" என்றாள் அம்மா.

"அப்பா கையில மட்டும் சிக்கக் கூடாது."

"சிக்காது. போ."

அவள் வேலைக்குக் கிளம்பும்போது அம்மா ஜாம் பாட்டிலைக் கரண்டியால் சுரண்டிக்கொண்டிருந்தாள். காலி பாட்டில் எதற்காவது உதவும் என்றாள்.

அன்று மாலை அப்பா தேநீர்க் கோப்பையைத் தள்ளி வைத்தார்.

"குடிக்க மாட்டேன். பேர் தெரியாததை நான் உள்ளே விடறதில்லை."

இது ஒரு சிக்கல். அப்பா பிறப்பு இறப்புப் பதிவு அலுவலகத்தில் இருந்து ஓய்வு பெற்றவர். ஊரில் பாதிப் பேருக்குப் பெயர் பதிந்தவர். குழந்தையைத் தூக்கிக்கொண்டு வருகிறவர்களிடம், "பேர் சரி, பொருள் என்ன?" என்று கேட்பார். பொருள் தெரியாமல் முழித்தவர்களை வாசல் பெஞ்சில் உட்காரவைத்து யோசிக்கச் சொல்வார். அவளுக்கே நான்கு மாதம் கழித்துத்தான் பெயர் வைத்தார்கள்.

"ஏழு நாளா குடிச்சீங்களேப்பா?"

"அப்போ இறங்கும்னு நம்பினேன். சொல்லு, பேர் என்ன?"

"ஸ்டீவியா ரெபவுடியானா."

"பொருள்?"

அவள் தயாராகத்தான் இருந்தாள். "ஸ்டீவியாங்கறது எஸ்தேவேன்னு ஒரு ஸ்பெயின் நாட்டு வைத்தியர் பேர்லேர்ந்து வந்தது. செடிகொடியெல்லாம் ஆராய்ச்சி பண்ணினவர்."

"அவர்தான் இந்தச் செடியைக் கண்டுபிடிச்சாரா?"

"இல்லப்பா. அவர் செத்து இருநூறு வருஷத்துக்கு மேல ஆனப்புறம் மரியாதைக்காக வெச்சது."

"செடியைப் பார்த்தாவது இருக்காரா?"

"பார்த்திருக்க மாட்டார். இது தென் அமெரிக்காவுல வளர்றது."

அப்பா அம்மாவைப் பார்த்தார். அம்மா தன் தேநீரை உறிஞ்சினாள்.

"சரி. ரெண்டாவது?"

"ரெபவுடின்னு பராகுவேல ஒரு வேதியியல்காரர். இந்தச் செடியில என்ன இருக்குன்னு பரிசோதிச்சவர். அவர் ஞாபகமா ரெபவுடியானா."

"ஆக, பார்க்காதவர் பேரு ஒண்ணு, பரிசோதிச்சவர் பேரு ஒண்ணு" என்றார் அப்பா. "பொறந்த குழந்தைக்குப் பக்கத்து ஊர் டாக்டர் பேரையும் லேப்காரர் பேரையும் சேர்த்து வெச்ச மாதிரி. இதுல குழந்தையோட பேர் எங்கே?"

"இருக்குப்பா. அந்த மண்ணோட பூர்வகுடிங்க வெச்ச பேர். காஆ ஹேஏ. இனிக்கிற பச்சிலைன்னு பொருள்."

அப்பா அதை இரண்டு தரம் வாய்க்குள் சொல்லிப் பார்த்தார். முகம் கொஞ்சம் தெளிந்தது.

"இது பேர். இதைப் பதியலாம்." கோப்பையை எடுத்தார். உதடுவரை கொண்டுபோய் நிறுத்தினார். "ஆனா இது அந்தச் செடிதான்னு யார் சொன்னா?"

"செடிக்கடைக்காரர்."

"அவர் என்ன பேர் சொன்னார்?"

அவள் தயங்கினாள். "சீனித்துளசி."

"பார்! ஒரே செடிக்கு எத்தனை பேரு! நாலு பேர் வெச்சுக்கிட்டு நடமாடினா எங்க ஆபீஸ்ல அதுக்கு என்ன சொல்லுவோம் தெரியுமா? ஆள்மாறாட்டம்."

கோப்பை கீழே போனது. ஆறவிடக் கூடாது என்று அம்மா அதை எடுத்து ஒரு வாய் குடித்தாள். முகத்தைச் சுளித்தாள். "புல்லு வாசனை அடிக்குதே" என்று சமையலறைக்குப் போனவள், அதைச் சரிசெய்துகொண்டு வந்தாள்.

சனிக்கிழமை காலை இரண்டு அலறல்களுக்குப் பிறகு வந்த எண் நூற்றுத் தொண்ணூற்றாறு.

அவள் ஒரு கிளையை ஒடித்து ஈரத்துணியில் சுற்றி எடுத்துக்கொண்டு பழைய கல்லூரிக்கு ஓடினாள். தாவரவியல் பேராசிரியை தோட்டத்தில் யாரையோ திட்டிக்கொண்டிருந்தார். கிளையை வாங்கினார், எதிரெதிராக நின்ற இலைகளைத் திருப்பினார், ஓரத்துப் பற்களைத் தடவினார், நுனியில் இருந்த வெள்ளைப் பூக்களைக் கண்ணாடி வைத்துப் பார்த்தார், கடைசியில் ஓர் இலையை வாயில் போட்டார்.

"ஸ்டீவியா ரெபவுடியானாதான். என்ன சந்தேகம்? மூணு வருஷம் எங்கிட்ட படிச்சும் இலையைப் பார்த்து உனக்கே தெரியலையா?"

அவளுக்கு முகம் சிவந்தது. "தெரியும் மேடம். வீட்ல கேட்டாங்க."

வீட்டில் அப்பா விசாரணைக்குத் தயாராக இருந்தார்.

"துளசிதானாமா?"

"துளசி குடும்பமே இல்லப்பா. சூரியகாந்திக் குடும்பம்."

அப்பா மெல்ல எழுந்து பால்கனிக் கதவைச் சாத்தினார். "சூரியகாந்தி வீட்ல பொறந்து, துளசின்னு பேர் சொல்லி, வைத்தியர் பேர்ல ஊர் சுத்துது. இதை நம்பி நான் வயித்தைக் கொடுத்திருக்கேன்."

"அப்பா, பேரு எதுவா இருந்தாலும் உள்ளே இருக்கற சத்து ஒண்ணுதான்."

"அப்போ ஏன் ஏறுது?"

அவள் எப்போதும் செய்வதைச் செய்தாள். இன்னும் கடுமையானாள். அன்றிலிருந்து வீட்டில் மூன்று பேருக்கும் இலைத் தேநீர்தான் என்று அறிவித்தாள். அம்மாவிடம் மிச்சமிருந்த சீனியைப் பற்றிக் கேட்டாள்.

"அது இல்லை. தீர்ந்துடுச்சு" என்றாள் அம்மா. "கீழ்வீட்ல கொஞ்சம் பேசிட்டு வரேன்."

அம்மா அன்று மூன்று தரம் கீழ்வீட்டில் பேசிவிட்டு வந்தாள். கீழ்வீட்டில் நல்ல தேநீர் போடுவார்கள்.

ஞாயிற்றுக்கிழமை இருநூற்று இருபத்தொன்று.

எண்ணைச் சொல்லும்போது அப்பாவின் குரலே மாறியிருந்தது. "தினம் ரெண்டு ஊசி" என்றார். "வருஷத்துக்கு எவ்வளவு?" பிறகு தானே கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டுப் படுத்துக்கொண்டார்.

அவளுக்கு உட்கார முடியவில்லை. அப்பா எங்கேயோ திருட்டுத்தனமாகத் தின்கிறார். வேறு வழியே இல்லை. கையும் களவுமாகப் பிடிப்பது என்று முடிவு செய்தாள். அப்பா பால்கனிக்குப் போனால் பின்னால் போனாள். குளியலறைக்குப் போனால் வாசலில் நின்றாள். தலையணைக்கு அடியில், செருப்பு அலமாரியில், பழைய அலுவலகப் பைக்குள் எல்லாம் தேடினாள். பைக்குள் ஒரு ரப்பர் ஸ்டாம்பு மட்டும் கிடைத்தது.

"விஞ்ஞானி, நான் என்ன கொலைகாரனா?"

"படியில பத்து தரம் ஏறி இறங்குங்கப்பா."

அப்பா ஏறி இறங்கினார். அவளும் கூடவே ஏறி இறங்கினாள். ஆறாவது தரம் இறங்கும்போது கீழ்வீட்டுக் கதவு திறந்தது. அந்த வீட்டுக்காரி ஒரு தட்டு நிறைய கேக் துண்டுகளோடு நின்றாள். அவள் மகனுக்குப் பிறந்தநாள். அப்பாவின் கை தானாக நீண்டது. விஞ்ஞானி நடுவில் பாய்ந்து தட்டைப் பறித்துக்கொண்டு மாடிக்கு ஓடினாள்.

"அம்மா! இதை அப்பா கண்ணுல காட்டாதே. தயவு செஞ்சு நீயே முடிச்சுடு."

"எல்லாத்தையுமா?"

"ஒரு துணுக்கு மிச்சம் வைக்காதே."

அம்மா நல்ல மனைவி. மிச்சம் வைக்கவில்லை.

திங்கட்கிழமை காலை வந்தது. அப்பா நல்ல சட்டை ஒன்றைப் போட்டுக்கொண்டார். கிளம்பும்போது பால்கனியைத் திரும்பிப் பார்த்து, "வந்து உன்னை வெச்சுக்கறேன்" என்றார் செடியிடம்.

மருத்துவமனையில் டாக்டர் வீட்டு எண்களைக் கேட்டார். அவள் செடியையும் சேர்த்துச் சொன்னாள். சொல்லச் சொல்ல அவர் புருவம் ஏறியது.

"எதுக்கும் இப்போ ஒரு தரம் பார்த்துடுவோம். நர்ஸ்!"

நர்ஸ் வயதானவர், அவசரப்படாதவர். அப்பாவின் கையைப் பிடித்தார். அப்பா கூரையைப் பார்த்தார். முகம் வெளுத்தது. அம்மா ஓடிவந்து தன் கையால் அவர் கண்களைப் பொத்தினாள்.

"ஒண்ணுமில்லீங்க, ஒண்ணுமில்லீங்க. என்னைப் பிடிச்சுக்கோங்க."

ஊசி குத்தியது. அப்பா அலறவில்லை. அலறுவதற்கு வேண்டிய நினைவு அவருக்கு இல்லை. தலை அம்மாவின் தோளில் சாய்ந்திருந்தது.

"நூத்தி எட்டு" என்றார் நர்ஸ்.

டாக்டர் எட்டிப் பார்த்தார். "நூத்தி எட்டா? பிரமாதம்! இன்சுலின் வேண்டாம், மாத்திரையே போதும். அந்தச் செடியை விடாதீங்க."

அவளுக்கு அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தன. அப்பா கண்ணைத் திறந்து, "காஆ ஹேஏ" என்று பலவீனமாகச் சொன்னார். டாக்டர் ஒரு கணம் பயந்துவிட்டார்.

ஆனால் அவள் பரிசோதனைக்கூடத்தில் வேலை பார்ப்பவள். பொருந்தாத எண் ஒன்று இருந்தால் அவளால் அங்கிருந்து நகர முடியாது.

"அப்போ எங்க வீட்டு மெஷின் கெட்டுப்போச்சா?" பைக்குள் கைவிட்டு அதை எடுத்தாள். "நேத்து இருநூத்தி இருபத்தொண்ணு காட்டுச்சு. இதால மூணு நாளா எங்க உயிர் போச்சு. இதையும் ஒரு தரம் பாருங்க சிஸ்டர்."

"வேண்டாம்" என்றார் அப்பா சட்டென்று எழுந்து உட்கார்ந்து.

"வேண்டாம்டி, விடு" என்றாள் அம்மா.

நர்ஸ் அதற்குள் அதே விரலில் மிச்சமிருந்த சொட்டை வீட்டு மெஷினில் வாங்கிவிட்டார். மூவரும் திரையைப் பார்த்தார்கள்.

நூற்றுப் பத்து.

"மெஷின் நல்லாத்தான் இருக்கு" என்றார் நர்ஸ்.

"அப்படின்னா தினமும் காலையில எப்படி ஏறுச்சு? அப்பாவே உள்ளே போய்க் குத்திக்கறார். நான் கதவுக்கு வெளியிலதான் நிக்கறேன். அலறினதுகூடக் கேட்டுச்சு."

நர்ஸ் அப்பாவின் இரண்டு கைகளையும் திருப்பிப் பார்த்தார். இப்போது குத்திய விரலைத் தவிர மற்ற ஒன்பதும் குழந்தையின் விரல் போல வழுவழுவென்று இருந்தன. பிறகு அப்பாவைத் தாங்கிப் பிடித்திருந்த அம்மாவின் கையை மெல்ல எடுத்து, விளக்குக்கு நேராகப் பிடித்தார். டாக்டர் பக்கம் திரும்பிச் சொன்னார்:

"மெஷின் மேலயும் தப்பில்லை, செடி மேலயும் தப்பில்லை டாக்டர், தினமும் அலறினது சார், ஊசி வாங்கினது இந்தம்மா, அந்த இருநூத்தி இருபத்தொண்ணும் இவங்களோடதுதான்."