காலி டப்பா

கேமராவுக்குள் ஃபிலிமே போடாமல் இராமநாதபுரம் ஜில்லாவில் பாதியைப் படமெடுத்தவர் உலகத்திலேயே அவர் ஒருவர்தான். சரித்திர டாகுமெண்டரி எடுப்பது தொழில். ஊர் வைத்த பெயர் காலி டப்பா. அவர் படங்களுக்கு வர்ணனை எழுதுகிறவன் நான்.

காரணம் இல்லாமல் இல்லை. கேமராவைக் கண்டால் நம் ஜனங்கள் கல்யாண போட்டோவுக்கு நிற்பதுபோல் விறைத்துவிடுவார்கள். வாலிநோக்கம் உப்பளத்தில் ஒருவர் உப்பு வாரும் பலகையைத் தோளில் சாத்திக்கொண்டு சல்யூட்டே அடித்தார். அதனால் முதல் தடவை கேமரா வெறுமனே ஓடும். விறைப்பெல்லாம் அதில் கழிந்தபின் இரண்டாம் தடவைதான் ஃபிலிம் போடுவார். விஷயம் எப்படியோ கசிந்துவிட்டது. அபிராமம் சந்தையில் ஒரு கருப்பட்டி வியாபாரி, "இது காலியா, நெசமா? நெசம்னாத்தான் சட்டை போடுவேன்" என்று கேட்டேவிட்டார்.

தனுஷ்கோடியை விழுங்கிய புயலைப் படமாக்க வந்தபோது இந்தக் கெட்டிக்காரத்தனம் அவர் காலையே வாரியது. அந்த அலையில் தப்பிய மீனவர் சூசை பேசினால்தான் படம். அவரோ அதைப் பற்றி யாரிடமும் வாய் திறந்ததில்லை. மிஞ்சிய ஒரே மகளிடம்கூட. பாம்பனில் அவர் வீட்டுக்கு நடையாய் நடந்தோம். ஒருநாள் வழக்கம்போல் கேமரா காலியாக ஓடிக்கொண்டிருக்கையில், குரல் பதியும் டேப்பும் போடாத நேரம் பார்த்து, கிழிந்த வலையைச் சரிசெய்தபடியே பேச ஆரம்பித்துவிட்டார்.

"ஒரு கையில மகன், ஒரு கையில மக. ஒரு கைய விட்டாத்தான் பனையப் பிடிக்க முடியும். மகன விட்டேன்."

பிறகு நிமிர்ந்து, "இன்னொருக்கா சொல்லணுமா சார்?" என்றார்.

காலி டப்பாவின் முகம் செத்துப்போயிற்று. "வேணாம்யா. போதும்."

திரும்பும்போது ஜீப்பில் நான் கத்தினேன். சூசையே மறுபடி சொல்லத் தயாராக இருந்தாரே, படமே போச்சே என்றேன். அவர் கடலைப் பார்த்துக்கொண்டே வந்தார். "ஒரு தகப்பன ரெண்டாந்தடவ கைய விடச் சொல்லவாய்யா?" என்றார்.

முடிந்த படத்தை மாதா கோயில் முற்றத்தில் திரை கட்டி ஊருக்குப் போட்டோம். சூசையின் இடம் வந்ததும் திரை கருப்பாகிவிட்டது. அதற்கென்று நான் உருகி உருகி எழுதிய வர்ணனையையும் மனிதர் வெட்டியிருந்தார். கரண்டு போய்விட்டது என்று பின்னால் முணுமுணுத்தார்கள். அந்த இருட்டில் சூசையின் குரல் கேட்டது. அன்று எங்களிடம் சொன்னதையே ஊருக்குச் சொன்னார், யாரும் கேட்காமலே.

யாரோ விளக்கைப் போட்டார்கள். மகள் அவர் கையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். தான் தொங்கிய கையை அல்ல, மற்றக் கையை.

படம் பார்க்கிற முகங்களை எடுக்க என்று கேமரா தயாராக இருந்தது. ஃபிலிம் போட்டதை நானே பார்த்தேன். எடுங்க சார் என்று தோளை இடித்தேன். அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டாரே தவிர, கேமராவைத் தொடவில்லை.

இப்போதும் அவரை யாராவது காலி டப்பா என்றால் எனக்குக் கோபம் வருகிறது. அப்படிக் கூப்பிட எனக்கு மட்டும்தான் உரிமை.