கொடிக்கம்பத்தில் தொங்கிய கோப்பு

கொடி ஏறி ஒரு மணி நேரம்தான் ஆகியிருந்தது. அதற்குள் அதைக் கீழே இறக்க வேண்டிய நிலைமை வைப்ரனுக்கு வந்துவிட்டது.

கொடி மட்டும் என்றால் பரவாயில்லை. அதன் நுனியில் ஒரு தடித்த கோப்பும் தொங்கிக்கொண்டிருந்தது. பிள்ளைகள் பள்ளி இறுதித் தேர்வில் தேறினால் வீட்டு முகப்பில் கொடியேற்றி, கம்பத்தில் புத்தகப் பையைக் கட்டித் தொங்கவிடுவது எங்கள் நாட்டு வழக்கம். படகுத்துறைத் தெருக்காரர்கள் இதில் ஒரு படி மேலே போனவர்கள். வீட்டுக்கடனின் முப்பது வருடம் முடிந்ததும் கொடியேற்றி, கடன் கோப்பைக் கட்டித் தொங்கவிடுவார்கள். நாலு வருடத்துக்கு முன்னால் எதிர்வீட்டு மைண்டர்ட் ஆரம்பித்து வைத்தது இது. அவரோடு சேர்த்து இதுவரை எட்டு வீட்டில் கொடி ஏறியாகிவிட்டது. வைப்ரனின் வீடு தெருவில் கடைசியாகக் கட்டியது. அதனால் அவருடைய முறையும் கடைசியாகத்தான் வந்தது.

நாலு வருடமாக மைண்டர்ட் வீட்டு வாசலில் மின்னும் ‘கடனற்ற இல்லம்’ என்ற பித்தளைத் தகட்டைப் பார்த்துக்கொண்டே வேலைக்குப் போய் வந்தவர் வைப்ரன். கால்வாய்ப் பாலத்தைத் தூக்கி இறக்கும் வேலை. அவர் ஒரு பொத்தானை அமுக்கினால் மேயரானாலும் காரை நிறுத்திவிட்டுக் காத்திருக்க வேண்டும். அப்படிப்பட்ட மனுஷன் ஒரு பித்தளைத் தகட்டுக்கு ஏங்கினார் என்றால் அவருக்கு அது எவ்வளவு பெரிய விஷயம் என்று புரிந்துகொள்ளலாம்.

பத்து மணிக்குத் தபால்காரி ஹெர்மின் வந்தாள். பச்சைக் கோடு போட்ட வங்கி உறை, பதிவுத் தபால். வைப்ரன் கையெழுத்துப் போட்டார். ஹெர்மின் உறையைப் பார்த்தாள், நிமிர்ந்து கொடியைப் பார்த்தாள், மறுபடி உறையைப் பார்த்தாள்.

“கொடி ஏத்தியாச்சா?” என்றாள்.

“காலைல ஒன்பது மணிக்கே! சாயங்காலம் நாலு மணிக்கு வந்துடு. கேக் இருக்கு.”

அவள் ஏதோ சொல்ல வாயெடுத்து, பிறகு வேண்டாம் என்று சைக்கிளில் ஏறிப் போய்விட்டாள்.

வைப்ரன் உறையைப் பேனாக்கத்தியால் பதமாகப் பிரித்தார். வங்கியிலிருந்து வரும் பாராட்டுக் கடிதத்துக்கென்று போன வாரமே ஒரு கண்ணாடிச் சட்டம் வாங்கி வைத்திருந்தார். படித்தார். மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு மறுபடி படித்தார்.

“ரென்ஸ்கே! இங்க வா. இதுல ஏதோ தப்பா அச்சடிச்சிருக்காங்க.”

அவர் மனைவி ரென்ஸ்கே கை ஈரத்தோடு வந்து எட்டிப் பார்த்தாள். கடன் காலம் இந்த மாதத்தோடு முடிகிறது என்றும், அசல் பாக்கியான ஒரு லட்சத்து எட்டாயிரத்துத் தொள்ளாயிரத்து ஏழு யூரோவை மூன்று மாதத்துக்குள் செலுத்தும்படியும் மிக மரியாதையாக எழுதியிருந்தது.

“நாம கடன் வாங்கினது எவ்வளவு?” என்றாள்.

“அப்போ ஏது யூரோ? ரெண்டு லட்சத்து நாப்பதாயிரம் கில்டர்.”

“யூரோல?”

வைப்ரன் மனக்கணக்கில் புலி. அன்றைக்கு மட்டும் அப்படி இல்லாமல் இருந்திருக்கலாம். “ஒரு லட்சத்து எட்டாயிரத்துத் தொள்ளாயிரத்து ஏழு” என்றார்.

“அப்போ முப்பது வருஷமா கட்டினோமே, அது எங்க போச்சு?”

“அதத்தான் நானும் கேக்குறேன். ஒப்பந்தத்த எடு, பாப்போம்.”

“ஒப்பந்தம் ஃபைல்ல இருக்கு.”

“ஃபைல் எங்க?”

இரண்டு பேரும் ஒரே நேரத்தில் ஜன்னல் வழியே மேலே பார்த்தார்கள். ஒப்பந்தம் காற்றில் ஆடிக்கொண்டிருந்தது.

வைப்ரன் ஏணியைச் சாத்தி ஏறினார். பாதி ஏறுவதற்குள் எதிர்வீட்டுக் கதவு திறந்தது.

“யோவ், என்னய்யா இறக்குற?” என்று மைண்டர்ட் கூவினார்.

“இறக்கலப்பா! மழை வர்ற மாதிரி இருக்கு. நனையுதான்னு பாக்குறேன்.”

வானம் துடைத்துவிட்டது மாதிரி இருந்தது. மைண்டர்ட் ஒத்தாசையான மனுஷன். உள்ளே ஓடிப்போய் ஒரு பெரிய பிளாஸ்டிக் உறையோடு வந்து ஏணியைப் பிடித்துக்கொண்டார். இனி கோப்பைக் கழற்றிக்கொண்டு இறங்க வழியில்லை. வைப்ரன் ஏணி உச்சியில் நின்றபடியே, தூசு தட்டுகிற பாவனையில் கோப்பைத் திறந்தார்.

அந்தக் கோப்பு அவருடைய பெருமைகளில் ஒன்று. வருடா வருடம் வங்கி அனுப்பிய கணக்குத் தாள்கள் முப்பதும் மூலை மடங்காமல், ஓட்டை போட்டு, வருட வாரியாகக் கோர்த்திருந்தன. அவர் செய்யாத ஒரே காரியம் அவற்றைப் படித்ததுதான். இப்போது படித்தார். முதல் வருடத் தாளில் ‘அசல் பாக்கி’ என்று கில்டரில் ஒரு தொகை. பத்தாவது வருடத்தில் அதே தொகை யூரோவில். முப்பதாவது வருடத்திலும் ஒரு யூரோ குறையாமல் அதே தொகை. அடியில் ஒப்பந்தம் இருந்தது. ‘வட்டி மட்டும் செலுத்தும் கடன்’ என்று தலைப்பிலேயே போட்டிருந்தது. பொடி எழுத்துகூட இல்லை, நல்ல கொட்டை எழுத்து.

வைப்ரன் அந்தத் தலைப்பை விரலால் தடவித் தடவி மறுபடி படித்தார்.

“படிச்சுப் பாத்து ரசிக்கிறார் பாரு!” என்று கீழே யாரோ கை தட்டினார்கள். மூலை வீட்டில் வாடகைக்கு இருக்கும் யோரிட்டும் லீகேவும் வந்து நின்றிருந்தார்கள். கல்யாணமாகி ஒரு வருடம். கால்வாய்க்கு அந்தப் பக்கம் ஒரு வீடு பார்த்து, திங்கட்கிழமை கையெழுத்துப் போடப் போகிறார்கள்.

“அண்ணே, நீங்க எடுத்தது எந்த மாதிரிக் கடன்?” என்று லீகே கேட்டாள்.

கையில் இருந்த தாளில் என்ன எழுதியிருந்ததோ அதையே வாய் படித்துவிட்டது. “வட்டி மட்டும் செலுத்தும் கடன்.”

“பாத்தியா!” லீகே புருஷனை இடித்தாள். “எங்களுக்கும் பாதித் தொகை அப்படித்தாண்ணே தர்றேங்கிறாங்க. மாசத் தவணை நல்லாக் கொறையுது. இவன்தான் பயப்படுறான்.”

“வைப்ரன் அண்ணே எடுத்திருக்காருன்னா எனக்கென்ன பயம்?” என்றான் யோரிட். “போட்டுடலாம்ல அண்ணே?”

மைண்டர்ட் ஏணியைப் பிடித்தபடி அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார். அவர் பார்க்கவில்லை என்றால் வைப்ரன் வேறு ஏதாவது சொல்லியிருப்பார்.

“தாராளமாப் போடுங்க” என்றார்.

சமையலறையில் ரென்ஸ்கே ஒரு பழைய காலண்டர் தாளின் பின்புறம் கணக்குப் போட்டு வைத்திருந்தாள்.

“மாசம் சராசரி நானூத்தம்பது. முப்பது வருஷத்துக்கு ஒரு லட்சத்து அறுபத்திரெண்டாயிரம். வீட்டு விலைக்கு ஒன்றரை மடங்கு குடுத்திருக்கோம் வைப்ரன். அதுல ஒரு செங்கல்கூட நம்மளது இல்ல.”

“வட்டிக்கு வருமான வரில திரும்ப வந்துச்சே?”

“வந்துச்சு. நூறு குடுத்தா முப்பத்தஞ்சு திரும்பி வரும். போன அறுபத்தஞ்ச யாரு பாத்தா? வந்த முப்பத்தஞ்சப் பாத்து வருஷா வருஷம் குதிச்சோம்.” அவள் பேனாவை மேஜையில் வைத்தாள். “கூட ஒரு முன்னூறு மாசா மாசம் அசலுக்குக் கட்டியிருந்தா இன்னிக்கு வீடு நம்மளது. அசல் கொறையக் கொறைய வட்டியும் கொறஞ்சு, மொத்தத்துல பாதி வட்டியோட முடிஞ்சிருக்கும். அன்னிக்கு டை கட்டிக்கிட்டு வந்தானே அந்த ஆலோசகன், ‘அசல் கட்டுறவன் ஏமாளி’ன்னு சொல்லிச் சிரிச்சான். நீயும் கூடச் சேந்து சிரிச்சே.”

“தெருவே சிரிச்சுது” என்றார் வைப்ரன் சின்னக் குரலில். “வித்துடலாமா? இப்போ நாலு மடங்கு விலை போகுதாம்.”

“வித்துட்டு எங்க போறது? மத்த வீடெல்லாம் மட்டும் பழைய விலைக்கா நிக்குது?”

வைப்ரன் நாற்காலியில் உட்கார்ந்தார். “சரி, இன்னிக்கு ஒரு நாள் மட்டும் யார்கிட்டயும் மூச்சு விடாதே. விருந்து முடியட்டும். புதுசா ஒரு கடன் போட்டு எப்படியாவது ஓட்டிடலாம். யோரிட் வேற கேட்டான். போடுன்னு சொல்லிட்டேன்.”

“என்னன்னு சொன்னே?”

“தாராளமாப் போடுன்னு.”

ரென்ஸ்கே எழுந்தே விட்டாள். “உன் மானம் கொடிக்கம்பத்துல தொங்கினா தொங்கிட்டுப் போகட்டும். அந்தப் புள்ளைங்க தலைல எதுக்குய்யா கை வச்சே?”

பதில் யோசிப்பதற்குள் வாசலில் துளைபோடும் இயந்திரத்தின் சத்தம் கேட்டது. ஓடிப்போய்ப் பார்த்தால், மைண்டர்ட் சுவரில் நாலு ஓட்டை போட்டு, தெருவே காசு சேர்த்து வாங்கிய பித்தளைத் தகட்டை முடுக்கிக்கொண்டிருந்தார். ‘கடனற்ற இல்லம்.’

“சாயங்காலம் வரைக்கும் பொறுக்க முடியலய்யா” என்றார் மைண்டர்ட். “நல்லா இறுக்கிட்டேன். இனி இடிச்சாத்தான் வரும்.”

நாலு மணிக்குத் தெரு முழுவதும் உள்ளே இருந்தது. நாற்காலிகள் வட்டமாகப் போட்டிருந்தன. வந்தவர்கள் வைப்ரனுக்கு வாழ்த்துச் சொன்னார்கள், ரென்ஸ்கேவுக்கு வாழ்த்துச் சொன்னார்கள், பிறகு எங்கள் ஊர் வழக்கப்படி ஒருவருக்கொருவர் வாழ்த்துச் சொல்லிக்கொண்டு காபிக் கோப்பையோடு உட்கார்ந்தார்கள். நடுவில் வீடு வடிவத்தில் கேக். சாக்லேட் கூரை, சர்க்கரை ஜன்னல், வாசலில் க்ரீமால் செய்த குட்டிக் கொடி. ஹெர்மினும் வேலை முடிந்து சீருடையோடே வந்து, உட்கார இடமில்லாமல் கதவோரம் நின்றாள்.

“பேசு, பேசு” என்றார் மைண்டர்ட். “எப்படிச் சாதிச்சேன்னு சின்னஞ்சிறுசுகளுக்குச் சொல்லு.”

வைப்ரன் கத்தியோடு எழுந்தார். லீகே நாற்காலி நுனிக்கு நகர்ந்தாள். யோரிட் பேசுவதைப் பதிவு செய்ய செல்போனைத் தூக்கிப் பிடித்தான். ரென்ஸ்கே புருஷனைப் பார்க்காமல் மேஜைத் துணியைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

நாலு வருடமாகக் கண்ணாடி முன்னால் ஒத்திகை பார்த்த உரை ஒன்று அவரிடம் இருந்தது. அதில் ஒரு வரிகூட இப்போது வாயில் வரவில்லை.

“இந்தக் கேக்கு ஒரு வீடுன்னு வச்சுக்கங்க” என்றார். “இதுக்கு முப்பது வருஷமா மாசம் தவறாமப் பணம் கட்டியிருக்கேன். ஒரு மாசம்கூடத் தாமதமில்ல.”

கைதட்டல்.

“தட்டாதீங்க. இருங்க.” அவர் கத்தியை கேக்கின் மேல் வைத்தார், வெட்டவில்லை. “நான் இத்தனை வருஷம் குடுத்தது கேக்குக்கு விலை இல்ல. கேக்குப் பக்கத்துல உக்காந்துக்க வாடகை. முழுக் கேக்கும் இன்னும் வங்கிக்காரனோடது. இந்தச் சர்க்கரை ஜன்னல்கூட என்னுது இல்ல. கேக்கு விலைக்கு ஒன்றரை மடங்கு குடுத்தாச்சு. இனிமே கேக்கு விலையையும் குடுக்கணும். மூணு மாசத்துல. இன்னிக்குக் காலைல கடிதாசி வந்துச்சு.”

யோரிட் தூக்கிப் பிடித்திருந்த செல்போனை மடியில் இறக்கினான்.

“யோரிட், லீகே, காலைல ஏணி மேல நின்னுக்கிட்டு உங்ககிட்ட நான் சொன்னது பொய். இல்ல, பொய்கூட இல்ல, வீம்பு. வட்டி கம்மியா ஜாஸ்தியான்னு மட்டும் கேக்காதீங்க. கடைசி நாளன்னிக்கு மொத்தமா எவ்வளவு குடுத்திருப்போம், அப்பவும் எவ்வளவு பாக்கி நிக்கும்னு கேளுங்க. அன்னிக்குத் தெருவுக்கே கடன் வாங்கிக் குடுத்த ஆலோசகன்கிட்ட நான் கேக்கல. முப்பது தாள் வந்துச்சு, முப்பதையும் அழகா ஓட்டை போட்டு வச்சேன்.”

சொல்லி முடித்ததும் முகம் சிவந்துவிட்டது. ஆனால் நெஞ்சு நிமிர்ந்துவிட்டது. கொடியேற்றியபோது இருந்த மிடுக்கைவிட இது நன்றாக இருந்தது. ரென்ஸ்கே எழுந்து வந்து பக்கத்தில் நின்று அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். கல்யாணத்தன்றுகூட அவள் முகத்தில் இவ்வளவு பெருமை இருந்ததாக அவருக்கு ஞாபகம் இல்லை.

தெரு சிரிக்கும் என்று காத்திருந்தார். யாரும் சிரிக்கவில்லை. எல்லோரும் அவரவர் காபிக் கோப்பையை உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மைண்டர்ட் ஆறிப்போன காபியில் மூன்றாவது தடவையாகச் சர்க்கரை போட்டுக் கலக்கினார்.

“அப்போ திங்கட்கிழமை கையெழுத்து இல்ல” என்றாள் லீகே. “சின்ன வீடாப் பாத்து, அசலும் சேத்துக் கட்டுற மாதிரி எடுப்போம்.” பிறகு திரும்பினாள். “மைண்டர்ட் அண்ணே, உங்களுக்கும் அதே ஆலோசகர்தானே? நீங்க மட்டும் எப்படிக் கட்டி முடிச்சீங்க?”

“நானா? என்னுது வந்து... அது வேற மாதிரி” என்றார் மைண்டர்ட். அவர் மனைவி அவசரமாக ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். மற்ற ஏழு வீட்டுக்காரர்களும் கடிகாரத்தைப் பார்த்தார்கள்.

கதவோரத்தில் ஹெர்மின் கேக் தட்டைக் கீழே வைத்துவிட்டு உதட்டைத் துடைத்துக்கொண்டாள்.

“அவர ஏம்மா சங்கடப்படுத்துற? மத்த எட்டு வீட்டுக்கும் இதே பச்சைக் கோடு உறைய நான்தான் கையெழுத்து வாங்கிக்கிட்டுக் குடுத்தேன். எல்லா வீட்லயும் உறை வந்த மறுநாள்தான் கொடி ஏறுச்சு. இந்த ஒரு வீட்லதான் கொடி ஏறினப்புறம் உறை வந்துச்சு.”