முழுப்பாட்டும் நாலு வினாடியும்

திருகோணமலைத் துறைமுகத்தைச் சுற்றியுள்ள தெருக்களில் பாட்டுக் கேட்காத மனிதர் இல்லை. ஆனால் தொடங்கிய பாட்டை முடியும் முன்னே விட்டுவிட்டு எழும்பியதே இல்லை என்று நெஞ்சில் கைவைத்துச் சொல்லக்கூடியவர் ஒருவர்தான். அவர் என் பக்கத்து வீட்டுக்காரர். 'முழுப்பாட்டு' என்று விசாரித்தால் மீன் சந்தையில்கூட வழி காட்டுவார்கள். சொந்தப் பெயரைச் சொன்னால் தபால்காரரே யோசிப்பார்.

துறைமுகத்தில் கிரேன் ஓட்டியவர். நான் அதே இடத்தில் கணக்குப் பிரிவில் இருந்தேன். அவர் இறக்கிய மூட்டைகளை எண்ணியவன் நான் என்று சுருக்கமாகச் சொல்லலாம். மத்தியானச் சைரன் ஊதும்போது மூட்டைகள் அந்தரத்தில் தொங்கினால் மற்றவர்கள் பதறுவார்கள். இவர் பதறமாட்டார். கீழே இறக்கி, கொக்கி கழன்றதைக் கண்ணால் கண்ட பிறகுதான் சோற்றுப் பார்சலைத் தொடுவார்.

"தூக்கினதை நடுவிலை விட்டிட்டுப் போக ஏலாது, கிளாக்கர்" என்பார். மூட்டைக்குச் சொன்ன அந்தச் சட்டத்தைப் பாட்டுக்கும் எப்போது நீட்டினார் என்று எனக்குத் தெரியாது. நீட்டிவிட்டார்.

ஒருமுறை நிலாவெளியில் ஒரு கலியாணம். காலையில் வேட்டி சால்வையோடு பஸ் ஏறினார். பஸ்ஸில் பாட்டு. நிலாவெளிச் சந்தி வந்தபோது பாட்டு பாதியில் நின்றது. அதாவது பஸ் நின்றது, பாட்டு நிற்கவில்லை. இவர் எழும்பவில்லை. பாட்டு முடிந்தபோது பஸ் ஓடிக்கொண்டிருந்தது. அடுத்த தரிப்பில் நிற்பதற்குள் அடுத்த பாட்டு தொடங்கிவிட்டது. இப்படியே ஒவ்வொரு தரிப்பிலும் ஏதோ ஒரு பாட்டின் நடுவில் அகப்பட்டு, கடைசியில் புல்மோட்டையில் சாரதி என்ஜினை நிறுத்திய பிறகு இறங்கினார். திரும்பி வந்த பஸ்ஸில் நல்லகாலம் ரேடியோ பழுது. கலியாண வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தபோது சமையல் கிடாரம் கழுவிக்கொண்டிருந்தார்களாம்.

சலூனில் நடந்தது இன்னும் மோசம். முடி வெட்டி முடிந்தது, பாட்டு முடியவில்லை. இவர் கதிரையை விட்டு எழும்பமாட்டார். சலூன்காரரோ சும்மா நிற்கத் தெரியாத மனிதர். கத்தரிக்கோலை ஓட்டிக்கொண்டே இருந்தார். அது நீளமான பாட்டு. முழுப்பாட்டு வெளியே வந்தபோது மீசையில் பாதி இல்லை.

"மற்றப் பாதியையும் எடுக்கச் சொல்லியிருக்கலாமே அண்ணை?" என்றேன்.

"சொன்னனான். அதுக்குள்ளை கரண்ட் போயிட்டுது. பாட்டும் நிண்டிட்டுது, எனக்கு மனமும் விட்டுப் போச்சு."

இந்த மனிதருக்கும் எனக்கும் நடுவில் ஒரு கல் தடிப்புச் சுவர். அவர் வைத்திருந்த இரண்டு ஸ்பீக்கர் பெட்டிகளும் தனித்தனி அலுமாரி அளவு. காலை ஒன்பதிலிருந்து பன்னிரண்டு வரை எங்கள் குசினியில் சட்டி மூடிகள் தாளம் போடும். ஒரு வருடத்தில் ஆறு கண்ணாடிக் குவளை தட்டிலிருந்து நடந்து வந்து விழுந்து உடைந்தன. முறையிட்டேன். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "ஆறும் பாட்டு நடக்கேக்கையோ விழுந்தது, முடிஞ்ச பிறகோ?" என்று கேட்டார். என் மனைவி, "காதுக்குப் பஞ்சை வையுங்கோ, கதையை விடுங்கோ" என்றாள்.

பாட்டுகள் அவரிடம் சேர்ந்த விதத்தையும் சொல்ல வேண்டும். அவர் ஒருவரிடமும் பாட்டுக் கேட்டு வாங்கியதில்லை. கொண்டுவந்து கொடுத்தால் மறுத்ததும் இல்லை. "வீட்டுக்கு வந்த பாட்டைத் திருப்பி அனுப்பக் கூடாது" என்பது அடுத்த சட்டம். ஆகவே அவருடைய சேமிப்பில் சினிமாப் பாட்டு, தேவாரம், தேர்தல் பாட்டு, பள்ளிக்கூட அணிநடைப் பாட்டு, ஒரு பற்பசை விளம்பரம் எல்லாம் இருந்தன. பற்பசையையும் முழுதாகத்தான் கேட்பார்.

மனைவி காலமானபின் அவர் தனியாள். கனடாவில் இருக்கும் மகள் சுகந்தி, வா வா என்று அழைத்துக்கொண்டேயிருந்தாள். குளியலறையில் வழுக்கி விழுந்தால் யார் பார்ப்பது என்பது அவளுடைய கவலை. இவர் ஒவ்வொரு முறையும் ஒரு சாட்டுச் சொல்வார். கடைசியாகச் சொன்ன சாட்டில்தான் மாட்டுப்பட்டார்.

"எப்பிடிப் பிள்ளை வாறது? இவ்வளவு பாட்டும் கிடக்கு."

"சரி அப்பா. கிடக்கிற எல்லாத்தையும் ஒருக்காக் கேட்டு முடியுங்கோ. முடிஞ்ச அடுத்த கிழமை டிக்கெட் போடுறன்."

தகப்பனைத் தெரிந்த பிள்ளை. அவர் வெளியேற வழி காணவில்லை, "ஓம்" என்றார். ஓம் என்றால் மூட்டை கொக்கியில் ஏறிவிட்டது.

அப்போது அவருடைய பழைய கணினி செத்துக் கிடந்தது. மகள் அனுப்பிய காசில் புதியது வந்தது. பாட்டுகளைப் பழையதிலிருந்து புதியதுக்கு மாற்றியவர் உள்துறைமுக வீதியில் கணினி திருத்தும் கிண்ணியாக்காரர்; முஸ்லிம் அண்ணன்மாரை அழைக்கும் முறையில் எங்களுக்கு அவர் 'நானா'. மொத்தம் மூவாயிரத்து நூற்றுப் பன்னிரண்டு. நான் உடனே கணக்குப் பார்த்தேன். நாளுக்கு மூன்று மணித்தியாலம் கேட்டால் எழுபத்தெட்டு நாள். எழுபத்தெட்டு நாள் பொறுத்தால் எங்கள் குசினி மூடிகள் ஓய்ந்துவிடும். ஆகவே அவருக்கு உதவியாக நானே கூடப்போய்ப் புதிய கணினியின் முன்னால் உட்கார்ந்தேன்.

நானா ஒரு பாட்டு ஓட்டும் செயலியைப் போட்டார். அது திறந்தவுடன் இணையம் கேட்டது, பெயர் கேட்டது, மாதக் கட்டணம் கேட்டது.

"என்ரை பாட்டை நான் கேக்க இவருக்கு ஏன் வாடகை?" என்றார் முழுப்பாட்டு, திரையைக் காட்டி. அதை நானா கழற்றினார்.

அடுத்ததைப் போட்டபோது முழுப்பாட்டு ஒரு சோதனை வைத்தார். பாட்டு நடுவில் போய்க்கொண்டிருக்கும்போது எழும்பிப் போய், சுவரிலிருந்த பிளக்கைப் பிடுங்கினார்.

நானா கண்ணை மூடிக்கொண்டார். "என்ன ஐயா இது? ஓஃப் பண்றதுக்கு ஒரு முறை இரிக்கி."

"கரண்ட் போகேக்கை முறை பாத்தோ போகுது?"

முழுப்பாட்டுக்கு வேண்டியது இதுதான்: மின்சாரம் போய்த் திரும்பினால், பாட்டு விட்ட இடத்திலிருந்தே தொடர வேண்டும். மின்வெட்டுக்கு மின்கலப் பெட்டி ஒன்று வைக்கலாம் என்று நானா முன்பே சொல்லி, ஒன்று கொண்டுவந்தும் காட்டினார். மின்சாரம் போனவுடன் அந்தப் பெட்டி கீச்கீச்சென்று கத்தத் தொடங்கியது. "பாட்டுக்குள்ளை குருவி கத்துது" என்று அதுவும் திரும்பிப் போனது.

பிளக்கைச் செருகி, கணினி எழும்பும்வரை மூன்று பேரும் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தோம். செயலி திறந்தது. வெறுமையாக இருந்தது.

"இது, நீ ஆரெண்டு கேக்குது" என்றார் முழுப்பாட்டு. "கழட்டுங்கோ."

அதற்கடுத்தது பாட்டை நினைவில் வைத்திருந்தது. ஆனால் முதலிலிருந்து தொடங்கியது. நானா மகிழ்ச்சியோடு திரும்பிப் பார்த்தார்.

"தொங்கின மூட்டையைக் கப்பலுக்குள்ளையே திருப்பி இறக்கிறமாதிரி. கழட்டுங்கோ."

ஒவ்வொரு செயலிக்கும் பிளக் பிடுங்கப்பட்டது. நானா ஒவ்வொரு முறையும் கண்ணை மூடினார். "ஐயா, இன்னொருக்காப் புடுங்கினா மெஷின் மௌத்து, உசிரே போயிரும்" என்றார். நான் எண்ணிக்கொண்டிருந்தேன். ஏழாவது செயலி. பிளக் பிடுங்கி, செருகி, கணினி எழும்பி, பாட்டு வந்தது. விட்ட அதே சொல்லின் மிச்சத்திலிருந்து வந்தது. முழுப்பாட்டு அது முடியும்வரை கைகட்டி நின்றார். முடிந்ததும், "இவர் மனிசன்" என்றார்.

ஆனால் மனிதருக்கும் குறை உண்டு. அடுத்த நாள் காலையில் சுவருக்கு அப்பால் ஒரு கூச்சல். ஓடிப்போனேன். ஒரு பாட்டின் கடைசி வரி தேயத் தேய அடுத்த பாட்டின் முதல் வரி அதற்குள்ளேயே ஏறி வந்தது. கேட்பவருக்குச் சலிக்காமல் இருக்கச் செயலி செய்த உபகாரம் அது.

"ரெண்டு பேரை ஒரு பெட்டியிலை அடக்கம் பண்ணுறாங்கள், கிளாக்கர்."

நானா திரும்ப வந்தார். அமைப்புப் பக்கத்தில் ஒரு கோடும் அதில் நகரும் ஒரு குமிழும் இருந்தன. அதைப் பூச்சியத்துக்கு இழுத்தார். போதாது என்றார் இவர். பாடினவர் மூச்சு எடுக்க வேண்டாமா, கேட்டவர் கால் மாற்ற வேண்டாமா, என்று நடுவில் இடைவெளியும் வைக்கச் செய்தார். இரண்டு வினாடி அவசரம், ஆறு வினாடி சோம்பல் என்று வாதாடி, நாலில் நின்றார். பாட்டுகளைத் தாறுமாறாகக் கலைக்கும் பொத்தான் அணைக்கப்பட்டது. திரும்பத் திரும்பப் பாடும் பொத்தானும் அணைக்கப்பட்டது. கேட்டு முடிந்த பாட்டு வரிசையிலிருந்து தானாக விழுந்துவிடும்படி நானா செய்துகொடுத்தார். திரையின் கீழே, மிச்சம் இத்தனை என்று ஓர் எண் நின்றது.

அந்த எண் எனக்குப் பிடித்துப் போயிற்று. தினமும் பன்னிரண்டு மணிக்கு மதிலால் எட்டி, "எத்தினை?" என்பேன். அவர் சொல்வார். மின்வெட்டு நாள்களைக் கழித்தாலும் என் கணக்கு அநேகமாகச் சரியாகவே போனது. மூவாயிரம் இரண்டாயிரமாகி, ஆயிரமானது. ஏமாற்றவே மாட்டார். தேர்தல் பாட்டுகளைக்கூட ஒன்றும் விடாமல் கேட்டார். பற்பசையும் ஒரு நாள் போய்ச் சேர்ந்தது.

ஐந்நூறுக்குக் கீழே இறங்கியபோது எனக்கு நித்திரை குழம்பத் தொடங்கியது. வயதென்று நினைத்தேன்.

இருநூறு என்று அவர் சொன்ன மத்தியானம் சாப்பாட்டில் உப்பில்லை என்றேன். மனைவி என்னைப் பார்த்தாள்.

"உப்பு அளவாத்தான் கிடக்கு. முந்திச் சத்தம் எண்டு கத்தினீங்கள். இப்ப குறையக் குறைய ஏன் முகம் இப்பிடிப் போகுது?"

"அஞ்சு நாள்தான் இருக்கு."

"அதுக்கு?"

சாப்பிட்ட கையோடு பக்கத்து வீட்டுக்குப் போனேன். அவர் கதிரையில் இருந்தார். கனடாவுக்கென்று வாங்கிய கம்பளிச் சட்டை ஸ்பீக்கருக்கு மேல் மடித்துக் கிடந்தது. இந்த வெக்கையில் அதைப் பார்த்தாலே வியர்த்தது.

"அண்ணை, அந்தத் திரும்பத் திரும்பப் பாடுற பொத்தானை ஒருக்கா அமத்தி விட்டா என்ன? ஆருக்குத் தெரியப் போகுது?"

அவர் என்னை நிமிர்ந்து பார்த்தார். "இறக்கின மூட்டையைத் திருப்பி ஏத்தி, திருப்பி இறக்கி எண்ணிக்கை காட்டச் சொல்லுறீங்களோ? நீங்களோ கிளாக்கர் கதைக்கிறது?"

"போக விருப்பமோ உங்களுக்கு?"

"விருப்பத்தை ஆர் கேட்டது? பிள்ளைக்கு ஓம் எண்டு சொன்னனான்." ஸ்பீக்கரில் கிடந்த சட்டையைப் பார்த்துக்கொண்டு சொன்னார்: "அவளும் பாவம். நான் விழுந்து கிடந்தா அங்கை அவளுக்கு எப்பிடித் தெரியும்?"

நான் வீட்டுக்குத் திரும்பவில்லை. நேரே உள்துறைமுக வீதிக்கு நடந்தேன். வெயில் தலையைப் பிளந்தது. நானா ஒரு கணினியின் வயிற்றைத் திறந்து வைத்திருந்தார். என்னைக் கண்டதும் சுவரிலிருந்த பிளக்கைத்தான் முதலில் பார்த்தார்.

"பாட்டு வேணும், நானா."

"உங்களுக்கா ஐயா? உங்களுக்குப் பாட்டெண்டா ஆகாதே. எத்தினை வேணும்?"

"எத்தினை இருக்கு?"

நானா யோசித்தார். "சினிமா இரிக்கி. கோயில் பாட்டு இரிக்கி. எங்கட ஆக்கள்ட நோன்புப் பாட்டும் இரிக்கி. எல்லாம் சேத்தா ஆறாயிரம் வரும்."

"எல்லாத்தையும் போடுங்கோ."

நானா ஒரு பென்டிரைவை எடுத்து, ஊதி, செருகினார். ஏறி முடியும்வரை எனக்கு ஒரு தேத்தண்ணியும் வந்தது.

முழுப்பாட்டின் கையில் அதைக் கொடுத்தபோது, "என்ன இது?" என்றார்.

"பாட்டு."

"நான் கேக்கேல்லை."

"ஓம், நீங்கள் கேக்கேல்லை. நான் கொண்டந்தனான். வீட்டுக்கு வந்ததைத் திருப்பி அனுப்புவீங்களோ?"

அவர் அந்தச் சின்னச் சாமானைப் புரட்டிப் புரட்டிப் பார்த்தார். சட்டத்தில் ஓட்டை இருக்கிறதா என்று தேடியிருக்க வேண்டும். இல்லை. அவருடைய சட்டம் அல்லவா? போய்ச் செருகினார். இருநூறு என்றிருந்த எண் ஆறாயிரத்துச் சொச்சமானது. கம்பளிச் சட்டையை எடுத்து அலுமாரிக்குள் வைத்தார்.

மகளுக்கு நானே போனில் சொன்னேன். அவள் சிரித்தாளா அழுதாளா என்று தெரியாது.

"மாமா, அப்பா விழுந்தா?"

"சுவருக்கு இஞ்சாலை நான் இருக்கிறன் பிள்ளை. பாட்டுக் கேக்கும்வரை அப்பா இருக்கிறார். நிண்டா நான் போவன்."

"உங்களுக்குச் சத்தம் ஒத்துவராதே?"

"இப்ப காது கொஞ்சம் மந்தம்" என்றேன்.

இது நடந்து கனகாலம் ஆகவில்லை. மிச்சம் இன்னும் நாலாயிரத்துச் சொச்சம் இருக்கிறது. நானா வேறு, புதிதாக வந்ததை எல்லாம் எனக்கென்று எடுத்து வைக்கிறார். இப்போது உடைந்த குவளை எட்டு. காலை ஒன்பது மணிக்கு நான் சுவரோரம் கதிரையை இழுத்துப் போட்டுக்கொள்கிறேன். ஒரு பாட்டு முடிகிறது. ஒன்று, இரண்டு, மூன்று, நாலு. அடுத்தது தொடங்கிவிட்டால் பத்திரிகையைப் பிரிப்பேன். தொடங்காவிட்டால், பெரும்பாலும் மின்வெட்டுத்தான். தெரியும். ஆனாலும் ஐந்தாவது வினாடியில் நான் செருப்பைத் தேடத் தொடங்கியிருப்பேன்.