வேண்டாம் அண்ணாச்சியும் சம்பந்தியின் ரூபாயும்

தென்காசிக்கும் குற்றாலத்துக்கும் இடையே கார் ஓட்டியவர்களிலே, காசைக் கண்டதும் எதிர்த்திசையில் ஓடியவர் ஒரே ஒருவர்தாம். மறுப்பவர் எவரேனும் இருப்பின் மேடைக்கு வரலாம். நான் ஆயத்தமாக இருக்கிறேன்.

அவர் பெயர் எவருக்கும் தெரியாது. யார் இனாம் நீட்டினாலும் அவர் வாயிலிருந்து புறப்படும் முதற்சொல் 'வேண்டாம்'. எனவே ஊருக்கே அவர் வேண்டாம் அண்ணாச்சி.

என் தாய்மாமனின் வாடகைக் காரை அவர் ஓட்டினார். சாரல் காலத்தில் ரயிலில் வந்திறங்கும் சீமான்களை அருவிக்கரை சேர்ப்பது வேலை. மூன்று வேளைச் சோறுண்டு, சம்பளம் கிடையாது. சவாரி வந்தவர்கள் தரும் இனாமே டிரைவரின் ஊதியம் என்பது அக்காலக் கார் முதலாளிகளின் வேதம். மாமா அதில் கரைகண்டவர். அண்ணாச்சியோ, முதலாளி கையால் மாதச் சம்பளம் வாங்கியே தீருவதென்று உறுதி பூண்டவர்.

ஒருமுறை ஒரு மிராசுதார், இவர் மறுப்பாரென்று அறிந்து, காசை இருக்கையிலேயே விட்டுச் சென்றார். அண்ணாச்சி காக்கிக் கோட்டோடு பேரருவிக்குள் புகுந்தார். எண்ணெய் வழியும் கூட்டத்தைப் பிளந்து, மிராசுதாரின் கையிலேயே காசைத் திணித்துவிட்டு, சொட்டச் சொட்ட வந்து வண்டியை எடுத்தார். அடுத்து ஏறிய குடும்பம், காருக்குள்ளும் சாரலடிக்கிறதே என்று வியந்தது.

மிராசுதார் முறையிட்டார். மாமா கொதித்தார்.

"இன்னொருத்தர் இப்படி வந்து நின்னா, சாவிய வச்சிட்டுப் போயிரும்வே."

அந்த வாரமே கடையத்திலிருந்து மாமாவின் வருங்காலச் சம்பந்தி, கல்யாணத்தை உறுதி செய்ய எங்கள் காரில் வந்திறங்கினார். வாசலில் நான் வரவேற்புரையைத் தொடங்கினேன். என் சொற்பொழிவுகளுள் முற்றுப்பெறாதது அது ஒன்றே. சம்பந்தி மடியிலிருந்து ஒரு ரூபாயை எடுத்து அண்ணாச்சியிடம் நீட்டிவிட்டார்.

மாமா கண்ணாலேயே சாவியைக் காட்டினார். அண்ணாச்சி அதைப் பார்த்தார். பார்த்த பிறகே வாய் திறந்தார்.

"வேண்டாம் அய்யா. மொதலாளி அங்கன நிக்காவள்லா, அவுக கையில குடுங்க. எனக்குச் சம்பளம் தர வேண்டியது அவுகதான்."

சம்பளமே இல்லையா என்று சம்பந்தி வியந்தார்.

"சோறு போடுதாவ, வண்டிக்குப் பெட்ரோல் ஊத்துதாவ. ரெண்டும் வண்டி ஓடத்தான அய்யா."

சம்பந்தி நேரே நடந்து சென்று மாமாவின் உள்ளங்கையில் ரூபாயை வைத்தார்.

"உங்க டிரைவர் சம்பளத்துல இது எம் பங்கு. நாளைக்கு எம்மவ இங்கன வாழ வந்தா, அவ சேலைத்துணிக்கும் வாறவுக போறவுகதான் குடுக்கணுமோ?"

மாமா அடுத்த மாதமே சம்பளம் என்று அறிவித்தார். அண்ணாச்சி அசையவில்லை.

"ஒண்ணாந்தேதியா மொதலாளி, இல்ல மாசக் கடைசியா?"

ஒன்றாம் தேதி என்று முடிவாயிற்று. கல்யாணமும் உறுதியாயிற்று.

கல்லூரிக்கு நான் புறப்பட்ட நாளில் அவரே என் பெட்டியை ரயிலேற்றினார். நான் கையை நீட்டினேன். அவர் முகம் சுருங்கியது. குனிந்து என் உள்ளங்கையை நன்றாக ஆராய்ந்தார். அதில் ஒன்றுமில்லை என்று உறுதியானதும் இரு கைகளாலும் பற்றிக்கொண்டார். வண்டி நகரும்வரை அவர் 'வேண்டாம்' என்று சொல்லவேயில்லை.