ஊதா ஹால்

"வெள்ளிக்கிழமை நானும் மாமாவும் ஷூட்டிங் பாக்க வர்றோம்டா" என்று அக்கா போனில் சொன்னதும் கலை இயக்குநர் தான் போட்ட செட்டை ஒருமுறை திரும்பிப் பார்த்தார்.

பதினாறு படங்களுக்கு செட் போட்டவர். அரண்மனையோ விமானத்தின் உட்புறமோ, எதைக் கேட்டாலும் பலகையிலும் அட்டையிலும் எழுப்பிவிடுவார். தன் முதல் வேலை ஒரு சிறைச்சாலை என்று பேட்டிகளில் பெருமையாகச் சொல்லிக்கொள்வார். இந்தப் படத்துக்கு இயக்குநர் கேட்டது ஒரே ஒரு ஹால். புகுந்த வீட்டுக்குள் காலை வைத்ததுமே கதாநாயகி திரும்பி ஓட வேண்டும். ஓடியது நியாயம்தான் என்று தியேட்டரில் அத்தனை பேரும் தலையாட்ட வேண்டும். இவர் அதிகம் யோசிக்கவில்லை. அக்கா வீட்டு ஹாலை அப்படியே இறக்கிவிட்டார்.

ஊதாச் சுவர், ஆரஞ்சு நிற வளைவு, கண்ணாடிச் சில்லு ஒட்டிய தூண், அதைச் சுற்றி ஏறும் நைலான் இலைக் கொடி. ஒளிப்பதிவாளர் கண்ணைக் கசக்கிக்கொண்டார். "இவ்வளவு ரசனை கெட்ட ஆளை எங்க சார் புடிச்சீங்க?" என்று இயக்குநர் கட்டிக்கொண்டபோது, இவரும் கூடச் சேர்ந்து சிரித்தார். வேலையில்லாமல் திரிந்த மூன்று வருஷமும் அந்த ஹாலில் உட்கார்ந்துதான் அக்கா கையால் சாப்பிட்டார். சிரித்த அன்று அது ஞாபகம் வரவில்லை. இப்போது வந்தது.

செட்டில் ஒரே தூசி என்று சொல்லிப் பார்த்தார். மூக்கில் துணி கட்டிக்கொள்கிறேன் என்றாள் அக்கா. சுவர் நிறத்தையாவது மாற்றலாமா என்று இயக்குநரிடம் மெல்ல இழுத்தார். பாதிக் காட்சி எடுத்தாயிற்று, ஊதாச் சுவரில் ஓடத் தொடங்குகிறவள் பச்சைச் சுவரில் போய் நிற்பாளா என்று அவர் எரிந்து விழுந்தார்.

சரி, செட்டை மாற்ற முடியாது. வீட்டை மாற்றலாமே? இரண்டும் ஒன்றுபோல் இருந்தால்தானே வம்பு. இந்த மூளையை வைத்துக்கொண்டுதான் மனிதர் பதினாறு படம் முடித்திருந்தார்.

மறுநாளே இரண்டு பெயிண்டர்களோடு அக்கா வீட்டில் போய் நின்று, ஹாலைப் புதுப்பித்துத் தருவது தம்பியின் ஆசை என்றார். அக்காவின் முகம் வாடிவிட்டது.

"நெஜமாவே மாத்தணுமாடா குட்டி? உனக்கு இது பிடிக்கலையா?"

"காலத்துக்குத் தகுந்த மாதிரி இருக்கட்டும்க்கா."

தண்ணீர் குடிக்கக்கூட நாற்காலியை விட்டு எழாத மாமா, அன்று ஏணியைத் தானே தூக்கி வந்தார். தூணில் முதல் சில்லைப் பெயர்த்ததும் அவர்தான்.

இரண்டே நாளில் சுவர் வெளிர் மஞ்சளானது. அப்பாடா என்று கலை இயக்குநர் செட்டுக்குத் திரும்பினால், அங்கே ஒரு மூட்டை காத்திருந்தது. பழைய கொடியையும் திரைச்சீலைகளையும் குப்பையில் போட மனசு வராமல், தம்பி படத்துக்காவது உதவட்டும் என்று அக்கா அனுப்பியிருந்தாள். பிரித்துப் பார்த்த இயக்குநர் துள்ளினார். நகலைக் கழற்றிவிட்டு, அந்த அசலையே மாட்ட வைத்தார்.

வெள்ளிக்கிழமை வந்தது. விருந்தாளிகள் யாரென்று தெரியாத இயக்குநர், இந்த ஹாலைப் பார்த்தாலே ஓடத் தோன்றுகிறதா இல்லையா என்று அக்காவிடமே கேட்டார். அக்கா தன் கொடியின் இலைகளில் படிந்திருந்த தூசியைச் சேலைத் தலைப்பால் ஒவ்வொன்றாகத் துடைத்தாள். கலை இயக்குநர் கூனிக் குறுகிப்போனார்.

"எனக்குச் சோறு போட்ட வீட்டை ஊரே சிரிக்கிற மாதிரி பண்ணிட்டேன். மன்னிச்சிடுக்கா" என்றார்.

"நீ எதுக்குடா வருத்தப்படுற?" என்று அவர் தோளைத் தட்டிவிட்டு, அவள் கண்ணைத் துடைத்தபடி வெளியே போனாள்.

மாமா மட்டும் நின்றார். சட்டைப்பையிலிருந்து மடிப்புக் கிழிந்த ஒரு பழைய தாளை எடுத்து, மச்சான் கையில் வைத்தார்.

"காலேஜ்ல சேந்த மொத வாரமே, 'உங்க புது வீட்டு ஹால் இப்படித்தான் இருக்கணும்'னு நீ வரைஞ்சு தபால்ல அனுப்பிட்டு மறந்துபோனது மாப்ள, உன் மனசு நோகும்னு இருபது வருஷமா ஒரு சில்லைக்கூட என்னைத் தொட விடல உங்க அக்கா."