கண்ணை மூடிக்கொண்டு ஒரு கிளைமாக்ஸ்

கதை, திரைக்கதை, வசனம், இயக்கம், நடிப்பு ஆகிய ஐந்தையும் ஒரே உடம்பில் சுமந்துகொண்டு திரியும் இனம் ஒன்று உண்டு. கேபிள் டிவி வந்த புதிதில் கோவையில் எந்த டீக்கடையிலும் இந்த இனத்தில் ஒருவர் இருப்பார். விரல்களைச் சதுரமாகக் கோத்து, அதன் வழியாகத் தன் டீ கிளாஸையே பார்த்துக்கொண்டிருப்பார். என்ன செய்கிறீர்கள் என்று மட்டும் கேட்டுவிடாதீர்கள். "ஒரு சப்ஜெக்ட் போயிட்டிருக்குதுங்க" என்பார். எங்கே போகிறது? அது அவருக்கும் தெரியாது.

அன்னூர் நஞ்சுண்டனை எடுத்துக்கொள்ளுங்கள். பொள்ளாச்சிப் பக்கம் எடுத்த ஒரு படத்தில் தீப்பந்தக் கூட்டத்தில் நின்றவர். திரையில் தெரிந்தது தன் தோள்பட்டை மட்டும்தான் என்று அவரே சிரித்துக்கொண்டு சொல்வார், ஆனால் அது எந்தப் பக்கத்துத் தோள் என்பதை விளக்காமல் விடமாட்டார். லோக்கல் கேபிளில் வந்த பூச்சிமருந்து விளம்பரத்தை எழுதி, இயக்கி, அதில் பூச்சியாகவும் நடித்தவர். இப்போது சொந்தப் படம். ஆர்.எஸ்.புரத்து ஃபிலிம் சொசைட்டி ஒன்று திரையிட ஒப்புக்கொண்டிருந்தது. அங்கே எடுபடாவிட்டால் காங்கேயத்தில் மாமனாரின் எண்ணெய் மில்லில் போய் உட்காருவதாக மனைவி பத்மாவதிக்கு வாக்குக் கொடுத்திருந்தார்.

கிளைமாக்ஸில் கதாநாயகன் சாகிறான். கதாநாயகன் யார்? கேட்க வேண்டுமா! மாமனார் வீட்டு வாசலில் பந்தல் போட்டாயிற்று. சொந்தக்காரர்களே துக்கக் கூட்டம். மாமியார் காளியாத்தாளுக்குத்தான் மனசில்லை.

"ஏனுங் மாப்பிள்ளை, ஊட்டு முன்னால உசுரோட பொணமாட்டப் படுக்கறது நல்லாவா இருக்குது? ஒருக்காத்தான். மறுக்கா படுத்தீங்கன்னா நானே சங்கு ஊதிப்போடுவேன்."

ஆக, ஒரே டேக். கேமரா, கல்யாண வீடியோ எடுக்கும் ஷாநவாஸ்.

"பாய், எம்மூஞ்சிய உட்டு நகரவே கூடாதுங்க."

"நீங்க நிம்மதியா மவுத்தாகுங்க. நான் பாத்துக்கறேன்."

இந்த இனத்துக்கே உரிய சிக்கல் இங்கேதான். நடிகர் செத்தால் கண்ணை மூட வேண்டும். கண்ணை மூடினால் இயக்குநருக்கு ஒன்றும் தெரியாது. நஞ்சுண்டன் மூச்சை அடக்கி, ஒப்பாரிக்கு நடுவே தன் முகம் எவ்வளவு சோகமாக ஜொலிக்கும் என்று எண்ணியபடி கிடந்தார். ஷாநவாஸோ பந்தலையும் கூட்டத்தையும் கண்டதும் தொழில் பழக்கத்துக்குப் போய்விட்டார். கல்யாண வீடியோவில் ஒரு பெரியப்பா விட்டுப்போனாலும் சண்டை வருமே! முதல் வரிசையில் தொடங்கிய கேமரா, புடவைக் கரையிலிருந்து தோடு வரை ஒவ்வொருவராக மெல்ல ஏறி இறங்கியது. அழுதவர்கள் அழுகையை நிறுத்தி முந்தானையைச் சரிசெய்தார்கள். ஒரு சித்தப்பா பல்லைக் காட்டினார். பின்னால் காப்பி குடித்துக்கொண்டிருந்தவர்களும் தப்பவில்லை. கடைசியாகப் பிணத்திடம் வந்துசேர்வதற்குள் பிணம் 'கட்' சொல்லிவிட்டது.

டேப்பைப் போட்டுப் பார்த்தபோதுதான் நஞ்சுண்டனுக்கு விஷயம் தெரிந்தது; மறுபடி படுக்கவோ மாமியார் விடவில்லை. திரையிடும் நாளில் பின்வரிசையில் வியர்த்துக்கொண்டிருந்தார்.

"ஏனுங்க, செத்தது நீங்கதானே? உங்களைக் காணமே?" என்றாள் பத்மாவதி.

"சும்மா இரு அம்மணி."

விளக்கு எரிந்தது. சொசைட்டித் தலைவர் எழுந்து கண்ணாடியைத் துடைத்தார். "பிணத்தைக் காட்டாமலே சாவைக் காட்டியிருக்கிறீர்கள். துக்கத்திலும் தன் முந்தானையைச் சரிசெய்யும் மனிதர்கள்! இது எப்படித் தோன்றியது உங்களுக்கு?"

நஞ்சுண்டன் ஷாநவாஸைப் பார்த்தார். மில்லின் புண்ணாக்கு வாசனை இங்கேயே மூக்கில் ஏறியது. உண்மையைச் சொல்லத்தான் வாயைத் திறந்தார்.

"அதுங்களா... ரொம்ப நாளா மனசுல ஓடிட்டிருந்த ஷாட்டுங்க. பாய்க்குப் புரிய வெக்கறதுக்குள்ள போதும் போதும்னு ஆயிருச்சு."

"ஆமாங்க," என்றார் ஷாநவாஸ். "கண்ணை மூடிட்டே சொல்லிக் குடுத்தாருங்க."

கைதட்டல் அடங்கியதும் பத்மாவதி வெளியே போய் அப்பாவுக்கு ஃபோன் போட்டாள். "இவரு இப்போதைக்கு வரமாட்டாருங்கப்பா."

"அப்படியா கண்ணு? மில்லு பொழச்சுது" என்றார் அவர்.

சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். ஆனால் போன வாரம் கை தவறி மிளகு கூடிப்போன ரசத்தை விருந்தாளி உறிஞ்சிக் குடித்துவிட்டு, ஆகா, என்ன பக்குவம் என்று வியந்தபோது நீங்கள் என்ன பதில் சொன்னீர்கள்?