இளவரசிக்கு உடம்பு சரியில்லை

வீரத்தின் விலை பத்து ரிங்கிட். உலகத்தில் வேறெங்கும் இவ்வளவு மலிவாகக் கிடைக்காது. கேமரன் மலைத் தோட்டத்து டீக்கடை வாசலில் 'இளவரசி' என்னும் மலைப்பாம்பைத் தோளில் போட்டுப் படம் பிடித்துக்கொண்டால், கோழையும் வீரனாகத்தான் பஸ் ஏறுவான்.

அந்த இளவரசிக்கு மூச்சு இரைத்தது. ஈப்போவிலிருந்து வந்த மிருக வைத்தியர் புவனேஸ் வாயைத் திறந்து பார்த்தார்.

"பாம்புக்குன்னே ஒரு ஆர்.என்.ஏ. வைரஸ் குடும்பம் இருக்கு. சன்ஷைன் வைரஸ்னு பேரு. அதுவா இருக்கலாம். லேப்ல பாக்கணும். மனுஷங்களுக்கு ஒட்டாது."

வெயிலே எட்டிப் பார்க்காத மலைக்கு 'சன்ஷைன்' வந்த பெருமையில் தோட்டத்துக் கணக்கெழுதும் கிராணி சிங்காரத்துக்கு மெய்சிலிர்த்தது. தோட்டத்தை நிர்வகிக்கும் துரை உடனே 'அவசரக் கூட்டம்' கூட்டினார். மருந்து கொடுக்கும் டிரெஸ்ஸர் ஓய்வு பெற்றதிலிருந்து பூட்டிக் கிடந்த தோட்டத்து மருந்தகம் திறக்கப்பட்டது. ஹீட்டர் வந்தது. கம்பளி வந்தது. ஈப்போவுக்குப் போக வேனும் வந்தது.

"இளவரசியும் நம்ம தொழிலாளிதான். செக்ரோல்ல பேர் எழுது, சிங்காரம்!"

எத்தனை பெரிய மனசு! சிங்காரம் கூலிப் பதிவேட்டில் எழுதினார்.

அப்போது கொழுந்து பறிக்கும் உமாதேவி கூடையை இறக்கிவிட்டு வந்தாள். பல நாள் இருமல். இன்று துண்டில் இரத்தம்.

"கிராணியாரே, மருந்தகம் தொறந்தாச்சாமே? எனக்கும் ஒரு கட்டில் குடுங்க லா."

"அது தனிமை வார்டும்மா."

"அப்ப வேன்ல ஓரமா குந்திக்கிறேன். தானா ராத்தா ஆஸ்பத்திரில எறக்கி விட்டுருங்க."

துரை இரண்டடி பின்வாங்கினார். "ஒன் இருமல் பாம்புக்குத் தொத்திக்கிட்டா?"

"ஒட்டாதுன்னு டாக்டரு சொன்னாரே, தொரை!"

"பாம்பு நோய் ஒனக்கு ஒட்டாதுன்னுதான் சொன்னாரு. ஒன் நோய் பாம்புக்கு ஒட்டாதுன்னு சொன்னாரா?"

இந்த நியாயத்துக்கு எந்தக் கோர்ட்டிலும் மறுப்பு கிடையாது. உமாதேவி பாம்புக் கூண்டை ஒருமுறை பார்த்தாள்.

"குடுத்து வச்சவ. கை இல்ல, கால் இல்ல, ஒரு வேலையும் சொல்ல முடியாது."

இருமிக்கொண்டே மலை இறங்கினாள். பாதி வழியில் வேன் அவளைக் கடந்தது. முன் சீட்டில் சிங்காரம். பின்னால் கம்பளிக்குள் இளவரசி. சிங்காரம் கடமை தவறாமல் ஜன்னலை ஏற்றினார். குளிர்காற்று நோயாளிக்கு ஆகாது.

சாயங்காலம் திரும்பி வந்து அன்றைய கூலிக்குப் பேர் போட்டார்; ஒரு நாள் கூலி ஒரு பேர். படுத்துக் கிடந்த இளவரசிக்கு நோய் விடுப்பு, முழுப் பேர். பாதி நாளில் கூடையை இறக்கிவிட்டு 'சொந்த வேலையாக'ப் போனவளுக்கு அரைப் பேர். துரை சரிபார்த்துக் கையெழுத்திட்டார்.

ஆக, அன்றைய கணக்கில் பாம்பு ஒன்று, மனுஷி அரை.